மிக்ஸி ஓடும்போது பேசிய பேச்சு

எதிர்வீட்டு மாலதி ஒருநாள் மாடிப்படியில் என்னைப் பிடித்துக்கொண்டார். "என்ன ரேவதி, உங்க வீட்டுல தினம் கல்யாணச் சமையலா? எப்பப் பார்த்தாலும் மிக்ஸி ஓடுதே" என்றார். "அவருக்குத் துவையல் இல்லாம சோறு இறங்காதுங்க" என்று சிரித்து மழுப்பிவிட்டு மேலே வந்தேன். கதவைச் சாத்தினேன். மிக்ஸியைப் போட்டேன். ஜாடிக்குள் ஒரு துண்டு தேங்காய்கூடக் கிடையாது. அந்த இரைச்சலில் என் கணவரின் காதோடு வாய் வைத்து, "மாலதியையும் சேர்த்துட்டாங்க போலிருக்கு" என்றேன். அவர் கண்ணை மூடித் தலையாட்டினார்.

மாதக்கணக்கில் எங்கள் வீட்டில் பேச்சு அப்படித்தான் நடந்தது. மிக்ஸி ஓடினால் பேசுவோம், நின்றால் ஊமைகள். இப்போது நினைத்தால் எனக்கே சிரிப்பு வருகிறது. சொந்தக்காரர்களிடம் "பி.பி. ஏறிடுச்சு, அட்மிட் பண்ணியிருந்தோம்" என்று சொல்லி வைத்திருக்கிறோம். பி.பி.யை யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். உண்மையில் எங்களுக்கு வந்தது மனநோய். அதுவும் ஒரே நோய், இரண்டு பேருக்கு. இப்படி ஒன்று உண்டு என்று முன்பே யாராவது சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், அதனால்தான் எழுதுகிறேன். நான் இப்போது தெளிவாக இருக்கிறேன். தெளியாதவளும் இதையேதான் சொல்வாள், என்ன செய்வது, நம்பிப் படியுங்கள்.

நாங்கள் இருப்பது சதுரங்கப்பட்டினத்தை ஒட்டிய டவுன்ஷிப்பில். என் கணவர் நடராஜனுக்கு மன்னார்குடிப் பக்கம், எனக்குச் செய்யூர். அவருக்கு அணு ஆராய்ச்சியில் கருவிகள் சம்பந்தமான வேலை. அதற்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியாது. கல்யாணமாகி இந்தக் குவார்ட்டர்ஸுக்கு வந்த அன்றைக்கே, இன்னும் பால்கூடக் காய்ச்சவில்லை, "ஆபீஸ் விஷயம் கேக்காதே ரேவதி, நானும் சொல்ல மாட்டேன். இங்க எல்லா வீட்லயும் அப்படித்தான்" என்றார். நிஜமாகவே எல்லா வீட்டிலும் அப்படித்தான். சாயங்காலம் புருஷன் வந்தால் காபி கொடுப்போம், "இன்னைக்கு என்ன?" என்று கேட்க மாட்டோம். ஒருமுறை அவருக்குப் பதவி உயர்வு வந்தபோது, மஃப்டியில் ஒருவர் வந்து அக்கம்பக்கத்தில் விசாரித்துவிட்டுப் போனதாகத் துணி தேய்ப்பவர் சொன்னார். யார் யார் வீட்டுக்கு வருகிறார்கள், குடிப்பாரா, கடன் உண்டா என்றெல்லாம் கேட்டாராம். எனக்குக் கோபம் வரவில்லை. பெருமையாக இருந்தது. நம் வீட்டுக்காரர் சர்க்காருக்கு அவ்வளவு முக்கியம்!

ஒரு மழைக்காலத்தில் அவர் வேலையிலிருந்து வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்று, "இனிமே ஜன்னல்கிட்ட நின்னு பேசாதே" என்றார். "சரிங்க" என்றேன்.

அவ்வளவுதான். இந்த 'சரிங்க'வை நான் எத்தனை நாள் திருப்பித் திருப்பி நினைத்திருப்பேன் தெரியுமா? வேறு எந்த ஊர்ப் பெண்டாட்டியாக இருந்தாலும் "ஏன், என்ன ஆச்சு உங்களுக்கு?" என்று கேட்டிருப்பாள். சண்டை வந்திருக்கும். சண்டையிலாவது விஷயம் வெளியே வந்திருக்கும். நான் அதை ஆபீஸ் உத்தரவு என்று எடுத்துக்கொண்டேன். ஏதோ பெரிய விஷயம் நடக்கிறது, அதனால் ஜாக்கிரதையாக இருக்கச் சொல்கிறார் என்று நினைத்தேன். பிறகு பகலிலும் திரை போட்டோம். சரிங்க. செல்போனைப் பேசாத நேரத்தில் பிரஷர் குக்கருக்குள் வைத்து மூட வேண்டும், அப்போதுதான் ஒட்டுக்கேட்க முடியாது. சரிங்க. ஹோட்டல் சாப்பாடு வேண்டாம், பாக்கெட் பால் வேண்டாம், தட்டில் திறந்து வைத்த எதுவும் வேண்டாம். சரிங்க. கடைசியில் வாழைப்பழம், அவித்த முட்டை, இளநீர் என்று வந்து நின்றது. "இதெல்லாம் கடவுளே சீல் வெச்சு அனுப்பினது, யாரும் ஊசி போட முடியாது" என்றார். எனக்கு அது ரொம்ப நியாயமாகப் பட்டது.

அதுவரையில் நான் கீழ்ப்படிந்தேன், அவ்வளவுதான். நம்ப ஆரம்பித்தது மாமல்லபுரத்தில். ஒரு ஞாயிற்றுக்கிழமை, வீட்டிலேயே அடைந்து கிடந்தால் சந்தேகப்படுவார்கள் என்று அவரே கூட்டிப்போனார். கடற்கரைக் கோயில் பக்கம் ஒரே கூட்டம், ஆளாளுக்குப் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். நீலச் சட்டை போட்ட ஒருவர் எங்களைத் தாண்டி இரண்டு தரம் போனார். அந்த முகத்தை நான் எங்கேயோ பார்த்திருக்கிறேன் என்று தோன்றியது. முதல் நாள் காய்கறிக் கடையில் எனக்குப் பின்னால் நின்றவர்தான் இவர். "என்னங்க, அந்த நீலச் சட்டை..." என்றேன். அவர் அந்த ஆளைக் கவனித்திருக்கவே இல்லை. நான்தான் முதலில் பார்த்தேன்.

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். அத்தனை கூட்டத்துக்கு நடுவில். கல்யாணமாகி இருபத்தெட்டு வருஷத்தில் வெளியிடத்தில் அவர் என் கையைத் தொட்டதில்லை. "இத்தனை நாள் நான் மட்டும்தான் பாக்கறேனோன்னு இருந்தது. இப்ப நீயும் பாத்துட்டே" என்றார்.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்த மாதங்களில் நான் சந்தோஷமாக இருந்தேன். பயந்து செத்தேன், ஆனாலும் சந்தோஷம். மிக்ஸியைப் போட்டுவிட்டு அவர் என்னிடம் அவ்வளவு பேசினார். சின்ன வயதில் வாய்க்காலில் மூழ்கப் பார்த்தது, அவர் அப்பாவிடம் பெல்ட்டால் அடி வாங்கியது, என்னைப் பெண் பார்க்க வந்தபோது என் கால் விரலைத்தான் முதலில் பார்த்தது. அதற்கு முன்னால் அவரிடமிருந்து நான் கேட்டதெல்லாம் "உப்பு கம்மி", "இன்ஷூரன்ஸ் கட்டிட்டேன்" மாதிரி வார்த்தைகள்தான். வெளியே உலகம் முழுக்க எதிரி, உள்ளே நாங்கள் இரண்டு பேர். புதுப் பெண்சாதி மாதிரி அவர் காதில் ரகசியம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

எங்கள் ஒரே பெண் இந்து, நாவலூரில் ஐ.டி. கம்பெனியில் வேலை, தோழிகளோடு தங்கியிருக்கிறாள். அவள் போன் செய்தால் போன் குக்கருக்குள் கிடக்கும். நான் எப்போதாவது எடுத்து, "நல்லா இருக்கோம், வை" என்று வைத்துவிடுவேன். ஒரு சனிக்கிழமை அவள் சொல்லாமல் வந்து நின்றாள். நான் சங்கிலியை எடுக்காமல் கதவிடுக்கில் பார்த்து, "யார் அனுப்பிச்சாங்க உன்னை?" என்றேன். பெற்ற பெண்ணைப் பார்த்து. அவளுக்கு முதலில் விளையாட்டாகப் பட்டது. உள்ளேயிருந்து அப்பா, "லேப்டாப்பை வெளியவே வெச்சிட்டு வரச் சொல்லு" என்றதும் அவள் முகம் மாறிவிட்டது. "அம்மா, அப்பாதான் ஏதோ... நீயுமா?" என்றாள். நான் பதில் சொல்லப் போனவள் அப்படியே சுவரில் சாய்ந்து சரிந்தேன். வாழைப்பழத்தையும் இளநீரையும் வைத்துக்கொண்டு உடம்பு எத்தனை நாள் ஓடும்?

செங்கல்பட்டில் ஒரு மருத்துவமனைக்குக் கொண்டுபோனாள், பெயர் வேண்டாம். காரில் அவரும் வந்தார். அவருக்கு ஆஸ்பத்திரி என்றாலே பொறி என்று நினைப்பு, தலையைக் கொண்டுபோய்க் கொடுக்கிற மாதிரி. என்னைத் தனியாக விடமாட்டேன் என்றுதான் வந்தார். இதை யாரும் மறந்துவிடக் கூடாது. அவர் எனக்காகத்தான் அந்த வாசலைத் தாண்டினார்.

அவசரப் பிரிவில் ரத்தம் எடுத்தார்கள். உடம்பில் சோடியம் என்கிற உப்பு ரொம்ப இறங்கியிருக்கிறது, இன்னும் இறங்கினால் வலிப்பு வரும் என்று சொல்லி பாட்டில் ஏற்றினார்கள். வெளியே காத்திருக்கும் இடத்தில் இந்து அவரை உட்கார வைத்திருந்தாள். எதிர்ச் சுவரில், 'நீங்கள் கேமரா கண்காணிப்பில் உள்ளீர்கள்' என்று பெரிய போர்டு. எல்லா ஆஸ்பத்திரியிலும், மளிகைக் கடையிலும்கூட இருக்கிறதுதான். அவர் எழுந்து என் படுக்கைக்கு வந்து, கதவு வழியாக அந்தப் போர்டைக் கை காட்டி, "பாத்தியா, எழுதியே போட்டுட்டாங்க" என்றார். பரீட்சையில் பாஸான பையன் மாதிரி முகம். நானும் கையில் ஊசியோடு, "பாத்தேங்க" என்றேன். பக்கத்தில் நின்றிருந்த இந்து வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போய்விட்டாள். அழத்தான் போனாள் என்று பிறகு சொன்னாள்.

அவள்தான் டாக்டர்களிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அடுத்த நாள் மனநல மருத்துவர் வந்தார். சின்ன வயசுப் பெண், கதர்ப் புடவை, பொறுமையான குரல். எங்களைத் தனித்தனியாகப் பேச வைத்தார். என் கணவர் மூளையில் கட்டி ஏதும் இருக்கிறதா என்று பார்க்க ஸ்கேன் எடுக்க வேண்டும் என்றார்கள். அந்தக் குழாய்க்குள் தலையை வைத்தால் நினைப்பையெல்லாம் படித்துவிடுவார்கள் என்று அவர் மறுத்துவிட்டார். "நான் வாசல்லயே நிக்கறேன்" என்று நான் சொன்ன பிறகுதான் படுத்தார். கட்டி ஒன்றும் இல்லை. நல்ல செய்தி என்று நர்ஸ் சிரித்தார். கட்டி இருந்தால்கூட வெட்டி எடுத்திருக்கலாமே என்று இந்து முணுமுணுத்தாள்.

டாக்டர் என்னிடம் பிறகு விளக்கியதை எனக்குப் புரிந்தபடி சொல்கிறேன். யாராலும் எந்த ஆதாரத்தாலும் அசைக்க முடியாத தப்பான நம்பிக்கைக்கு டெலூஷன் என்று பெயர். சாதாரணமாக அது ஒருத்தருக்கு வரும், வீட்டில் மற்றவர்கள் மறுப்பார்கள். ரொம்ப அன்னியோன்னியமாக, வெளியாள் பழக்கம் இல்லாமல் இருக்கிற இரண்டு பேரில், ஒருத்தருக்கு வந்தது மற்றவருக்கும் ஒட்டிக்கொள்வது அபூர்வமாக நடக்கும். ஒட்டிக்கொண்டவரைத் தனியாகப் பிரித்தால் பெரும்பாலும் தெளிந்துவிடும். முதலில் வந்தவருக்கு நாளாகும். "ஆபீஸ்ல சாருக்கு ஏதாவது நடந்துச்சாம்மா?" என்று டாக்டர் கேட்டார். "தெரியாதுங்க, நாங்க கேக்க மாட்டோம்" என்றேன். அவர் பேனாவை மூடிவிட்டு என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

பிரித்தார்கள். அவரை ஆண்கள் வார்டுக்குக் கூட்டிப்போனபோது, "எதையும் ஒத்துக்காதே ரேவதி" என்று திரும்பித் திரும்பிச் சொல்லிக்கொண்டே போனார். நான் ஊரே திரும்பிப் பார்க்கிற மாதிரி கத்தினேன். இரண்டு நர்ஸ்கள் என்னைப் பிடித்துக்கொண்டார்கள். அன்றைக்கு என் மனசில் ஓடியதெல்லாம், கடைசியில் பிடித்துவிட்டார்கள் என்பதுதான்.

பெண்கள் வார்டில் என் பக்கத்துப் படுக்கையில் ஒரு பெண், யாரோடும் பேச மாட்டாள். அவளுக்குத் துணையிருந்தது அவளுடைய அக்கா கன்னியம்மா, சதுரங்கப்பட்டினத்தில் மீன் விற்பவர். அந்த அம்மாவுக்குத் தங்கை பேசாததற்கும் சேர்த்துப் பேச வேண்டும். வந்த அன்றே ஆரம்பித்துவிட்டார்.

"இன்னாம்மா, வந்ததுலேந்து ஜன்னலையே பாத்துகினு கீற? வெளிய இன்னா சினிமாவா ஓடுது?"

என்னை வேவு பார்க்கவே வைக்கப்பட்ட ஆள் இவர் என்று முடிவு கட்டியிருந்தேன். அவர் கொடுத்த பொறை ரொட்டியைத் தொடவில்லை.

"துன்னு, வெசம்லாம் இல்ல. நான் பாதி துன்ட்டுத்தான் குடுக்கறேன். ஏய், மூஞ்சத் திருப்பிகினியா? சர்தான்."

மாத்திரை கொடுத்தார்கள். நாக்கு தடித்தது, கை நடுங்கியது, பகலெல்லாம் தூக்கம். தூங்கி எழுந்தால் ஜன்னலுக்கு வெளியே அதே வேப்பமரம், அதே ஆம்புலன்ஸ், அதே டீக்கடைக்காரர். யாரும் என்னைப் பார்க்கவில்லை. காதோடு காதாக, "அதோ பாரு" என்று சொல்லவும் ஆளில்லை. பயம் ஒரே நாளில் போகவில்லை. தீனி போடாத நாய் மாதிரி வந்து வந்து பார்த்துவிட்டு, கொஞ்சம் கொஞ்சமாக வராமல் இருந்தது. ஒருநாள் கன்னியம்மாவிடம் நானே எல்லாவற்றையும் சொன்னேன், மிக்ஸி, குக்கர், நீலச் சட்டை எல்லாம். வாயைப் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

"அடி ஆத்தா! ஏம்மா, உன்ன நோட்டம் வுட்டு அவனுக்கு இன்னா கெடைக்கப் போவுது? புளிக்கொழம்பு எப்டி வெக்கறதுன்னு தெரிஞ்சிக்கவா கவர்மெண்டு ஆள் அனுப்புது?"

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. அப்புறம் சிரிப்பு வந்தது. அடக்க முடியாத சிரிப்பு, கண்ணில் தண்ணீர் வருகிற வரைக்கும். அவரும் சிரித்தார், அந்தப் பேசாத தங்கைகூடத் திரும்பிப் பார்த்தாள். சிரித்துக்கொண்டே இருந்தவள் சட்டென்று நிறுத்திவிட்டேன். வெளியே யாரும் இல்லை என்றால், அந்தப் பக்கத்து வார்டில் அவர் தனியாக அல்லவா இருக்கிறார்? அவரோடு நான் இருந்த அந்த இடத்தில் இனி அவர் மட்டும்தானே?

"இன்னாத்துக்கு இப்ப அழுவுற?" என்றார் கன்னியம்மா.

டாக்டர் அனுமதித்ததும் அவரைப் பார்க்கப் போனேன். தலை வாரி, பூ வைத்துக்கொண்டு போனேன், எனக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது. கட்டிலில் உட்கார்ந்திருந்தவர் என்னைக் கண்டதும் பாதி எழுந்தார். அப்புறம் என் முகத்தையே பார்த்தார். நான் உள்ளே நுழையும்போது மூலையைப் பார்க்கவில்லை, கதவுக்குப் பின்னால் பார்க்கவில்லை. நேராக வந்து, நல்ல சத்தமாக, "எப்படி இருக்கீங்க?" என்று கேட்டுவிட்டேன். அதிலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. மெதுவாக உட்கார்ந்தார்.

"வாங்க மேடம். உங்களைத்தான் அனுப்பிச்சாங்களா?" என்றார்.

கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். மரியாதையாகச் சொன்னார், அந்நியப் பெண்ணிடம் பேசுகிற மாதிரி. என்னை ஏதோ செய்து மாற்றிவிட்டார்கள் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. எல்லாரும் போய்க் கடைசியில் மிச்சமிருந்த ஒருத்தியும் போய்விட்டாள். அன்றிலிருந்து அவர் சாப்பாட்டையும் மாத்திரையையும் விட்டுவிட்டார். தனி அறைக்கு மாற்றினார்கள், ஊசியும் பாட்டிலும்தான். மூக்கு வழியாகக் குழாய் போட வேண்டிவரும் என்றார்கள். கன்னம் ஒட்டிப்போய்விட்டது. இந்து ஆபீஸுக்கு லீவு போட்டுவிட்டு அவர் கட்டிலருகே உட்கார்ந்து தயிர் சாதத்தைப் பிசைந்து வைத்துக்கொண்டு கெஞ்சுவாள். "பிள்ளை நீ, உன்னைச் சொல்லிக் குத்தமில்லே" என்பார், வாயைத் திறக்க மாட்டார்.

எனக்குப் பொறுக்கவில்லை. ஒருநாள் மத்தியானம், அவர் அறையின் வாஷ்பேசினில் குழாயை முழுக்கத் திறந்துவிட்டேன். தண்ணீர் சத்தத்தில் அவர் காதருகே குனிந்து, பழைய குரலில், "நான் மாறலைங்க. மாறின மாதிரி நடிக்கறேன். இந்தச் சாப்பாட்டை நானே செக் பண்ணிட்டேன். சாப்பிடுங்க" என்றேன்.

அவர் முகத்தில் வந்த வெளிச்சத்தை என்னால் இன்னும் மறக்க முடியவில்லை. "எனக்குத் தெரியும்டி. நீ அப்படிப் போக மாட்டேன்னு எனக்குத் தெரியும்" என்றார். டப்பாவில் இருந்ததையெல்லாம் சாப்பிட்டார். மாத்திரையையும் விழுங்கினார். என் தலையைத் தடவிக் கொடுத்தார்.

வெளியே வந்து இந்துவிடம் சொன்னேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். "அம்மா, மறுபடியும் அந்த வீட்டுக்குள்ள போயிட்டியா நீ?" என்று அலறினாள். டாக்டர் அலறவில்லை. "புரியுதும்மா, யாரா இருந்தாலும் செஞ்சிருப்பாங்க. ஆனா நாளைக்கும் இதையே சொல்லணும். அவர் இன்னும் கேப்பார், நீங்க இன்னும் சொல்லணும். அவர் குணமாகி வர்ற வழியில நீங்களே நின்னு மறிக்கிற மாதிரி ஆயிடும்" என்றார். அவர் சொன்ன வழி இதுதான். நோயாளியோடு வாதாடக் கூடாது, இல்லவே இல்லை என்று அடித்துச் சொன்னால் இன்னும் இறுகிவிடும். ஆமாம் என்றும் சொல்லக் கூடாது. எனக்கு அப்படித் தோன்றவில்லை, ஆனால் உங்களுக்கு எவ்வளவு பயமாக இருக்கும் என்று தெரிகிறது என்று மட்டும் சொல்ல வேண்டும். கேட்பதற்கு ரொம்ப எளிது.

மறுநாள் அவர் கண்ணாலேயே என்னைக் குழாய்ப் பக்கம் போகச் சொன்னார். நான் போகவில்லை. நின்ற இடத்திலிருந்து, "நேத்து சொன்னது பொய்ங்க. நீங்க சாப்பிடணும்னு சொன்னேன். எனக்கு இப்ப யாரும் பாக்கற மாதிரி தோணலை. உங்களுக்குத் தோணுறது எவ்வளவு பயமா இருக்கும்னு எனக்குத் தெரியும், நானும் அதுல இருந்தேன்" என்றேன். ஒப்பித்த மாதிரிதான் வந்தது. அவர் என்னை ரொம்ப நேரம் பார்த்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அப்புறம் வந்த நாட்களைப் பற்றி எழுத அதிகமில்லை. நான் டிஸ்சார்ஜ் ஆகியும் வீட்டுக்குப் போகவில்லை, பக்கத்திலேயே இந்துவோடு ஓர் அறை எடுத்துத் தங்கினேன். தினமும் அவர் அறைக்குப் போய், ஒரே டப்பாவில் இரண்டு பேருக்குச் சோறு கொண்டுபோய், அவர் எதிரிலேயே என் பங்கைச் சாப்பிடுவேன். அவர் பார்க்க மாட்டார். "வாங்க மேடம்", "போயிட்டு வாங்க மேடம்". கன்னியம்மா சில நாள் கூட வந்து வாசலில் நிற்பார். "அட அண்ணாத்த, பொண்டாட்டி கூவிகினே கீது, ஒரு வாய் துன்னேன்" என்பார். அவர் சுவரைப் பார்த்தே படுத்திருப்பார். கடைசியில் மூக்குக் குழாய் போட்டார்கள். வாரக்கணக்கில் வேலை செய்கிற ஒரு ஊசி உண்டாம், இடுப்பில் போடுவது, மாத்திரையை மறுக்கிறவர்களுக்கு. அதைப் போட்டார்கள். ஒருநாள் நான் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, "இன்னைக்கு ரசத்துல பெருங்காயம் தூக்கலா?" என்று சுவரைப் பார்த்தபடியே கேட்டார். நான் டப்பாவை அவர் பக்கம் நகர்த்திவிட்டு, மூச்சுவிடக்கூடப் பயந்து உட்கார்ந்திருந்தேன். ஒரு கவளம் எடுத்தார். அதற்குப் பிறகும் நாளாயிற்று, ஆனால் அதற்குப் பிறகு குழாய் தேவைப்படவில்லை.

வீட்டுக்கு வந்தோம். திரையை எடுத்துவிட்டோம். மாலதி இட்லி கொண்டுவந்து கொடுத்துவிட்டு ஒரு கேள்வியும் கேட்காமல் போனார், அதற்காக அவருக்குக் கோயில் கட்டலாம். இவர் மாத்திரை சாப்பிடுவார், பேப்பர் படிப்பார், யாரையும் குற்றம் சொல்ல மாட்டார். என்னை மறுபடி 'நீ' என்று கூப்பிட்டார். ஆனால் பேச்சு கிடையாது. 'உப்பு கம்மி' காலத்துக்கே போய்விட்டோம். நோய் இருந்தபோது என்னிடம் அவ்வளவு பேசிய மனிதர், குணமானதும் ஊமையாகிவிட்டார். சந்தோஷப்படுவதா, அழுவதா? அவர் என்னை மன்னிக்கவே இல்லை என்று நினைத்தேன். அவரைத் தனியாக விட்டுவிட்டு நான் மட்டும் வெளியே வந்துவிட்டேனே.

போன மாதம் பரிசோதனைக்குச் செங்கல்பட்டு போய்த் திரும்பும்போது, கொளவாய் ஏரிக் கரையில் காரை நிறுத்தச் சொன்னார். இந்து போன் பேசிக்கொண்டு தள்ளி நின்றாள். நாங்கள் ஏரியைப் பார்த்து நின்றோம்.

"ரேவதி, கேட்டா மறைக்காம சொல்லுவியா?"

"சொல்றேங்க."

"யாருமே இல்லையா?"

எதைக் கேட்கிறார் என்று எனக்குத் தெரிந்தது. இதற்குப் பிறகு மறுபடி 'மேடம்' ஆகிவிடுவேனோ என்று பயம். "இல்லீங்க" என்றேன்.

"ஒருத்தன்கூடவா?"

"ஒருத்தரும் இல்லீங்க. நம்மளை யாரும் பாக்கலை."

அப்பாடா என்பார் என்று எதிர்பார்த்தேன். அவருக்கு உதடு கோணியது. "அப்ப, இத்தனை நாளா என்னை யாருமே பாக்கலையா?" என்று கேட்டுவிட்டு அழுதார். மனசே விட்டுப்போய், தோள் குலுங்க. ஆஸ்பத்திரியில்கூட அவர் அழுது நான் பார்க்கவில்லை.

"நான் இருந்தேனே" என்று சொல்ல வாயெடுத்தேன். வரவில்லை. நான் எங்கே அவரைப் பார்த்தேன்? அவரோடு சேர்ந்து ஜன்னலைப் பார்த்தேன், மாலதியைப் பார்த்தேன், நீலச் சட்டைக்காரரைப் பார்த்தேன். பக்கத்தில் இருந்த மனிதர் என்ன ஆகிக்கொண்டிருந்தார் என்று பார்க்கவில்லை. அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். ரோட்டில் பஸ் போய்க்கொண்டிருந்தது, இரண்டு பேருமே கையை எடுக்கவில்லை.

"ஆபீஸ்ல என்னங்க நடந்தது?" என்று கேட்டேன்.

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். சொல்லலாமா கூடாதா என்று யோசிக்கிறவர் மாதிரி இருந்தது.

"செக்‌ஷன்லேருந்து எடுத்துட்டாங்க. ரிடையர் ஆகறவரைக்கும் இருங்கன்னு ஒரு ரூம் குடுத்தாங்க. ஒரு மேஜை, ஒரு நாற்காலி. ஃபைல் வராது, போன் வராது. நான் வரேனா போறேனான்னு கேக்கக்கூட ஆளில்லை."

"அங்க நாள் பூரா என்ன பண்ணீங்க?"

"கதவைப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பேன்" என்றார். "யாராவது எட்டிப் பாப்பாங்களான்னு."